ஏழடுக்கு நுண்ணுலக ஆராய்ச்சி

காணப்படும் இவ்வுலகிற்கு அப்பாலும் உலகங்கள் உள என்பது சைவநன்மக்கட்குப் புதிய செய்தி அன்று. நிவிர்த்தி முதலிய 5 கலைகளுள் 224 புவனங்கள் அடங்கி நிற்கும் என்று ஆகமங்கள் வகுத்து ஓதுகின்றன. ஆகலின், கட்புலனாகா உலகம் உண்டு என்பாரொடு யாம் வழக்கிடுதற்கு யாதும் இல்லை. அவ்வுலகம் இன்ன நிறத்தது, இத்துணைத் தட்டுடையது, இறந்தார் இன்னார் இன்ன தட்டில் இருக்கின்றார் என்று நேரே கண்டு மீண்டார்போற் கூறி, அக்கூற்றினை அளவையால் ஆராயாது கைக்கொள்க எனப் பணிப்பார் உளரே, அவரொடு மாத்திரமே எமக்கு வழக்கு. அவ்வழக்கினை இப்பொழுது எடுத்துக்கொள்ள நேர்ந்ததற்கு ஒரு காரணம் உண்டு. அதனை உரிய இடத்திற் கூறுதும்.

யாம் வாழும் கடமலைக்குண்டு, மூலவைகையை ஒட்டி வருசநாட்டு மலைகளை நோக்கிச் செல்லும் வழியில் உள்ள ஊர். அம்மலைத்தொடரின் மறுபுறத்தே சதுரகிரி விளங்குகின்றது. ஆடி அமாவாசை அணுகும்போது, சோற்று மூட்டையும் கைத்தடியுமாக உப்புத்துறை வழியே மலையேறிச் சுந்தரமகாலிங்கப் பெருமானை வழிபடச் செல்வாரை ஆண்டுதோறும் காண்கின்றோம். சித்தர்கள் இன்றும் அம்மலையில் உருக்கரந்து உலவுகின்றனர் என்பது இந்நாட்டு மக்களின் நம்பிக்கை. அதனை யாம் இகழ்வதில்லை. மலையேறும் உழவனுக்கு அந்நம்பிக்கை கேட்பது ஒரு கும்பிடும் ஒரு கற்பூரமுமே. அண்மைக் காலத்தில் அந்நம்பிக்கையின் முதுகின்மேல் வேறொரு சரக்கு ஏற்றப்பட்டு வருகின்றது. 'ஆஸ்திரல் உலகம்', 'ஏழு தட்டு', 'ஆகாயப் பதிவேடு', 'உடல்விட்டுப் பயணம்' என்பன அச்சரக்கின் பெயர்கள். சிறு நூல்களிலும் கைப்பேசிப் பேச்சுக்களிலும் இவை சித்தர் மறைபொருள் என்றே விலைகூறப்படுகின்றன. மூலம் யாது என்று தேடிப் பார்த்தால், அது பொதிகையும் அன்று, சதுரகிரியும் அன்று. 1895-ஆம் ஆண்டு ஆங்கிலத்தில் வெளிவந்த, கையடக்கமான ஒரு நூல்.

'ஆஸ்திரல் பிளேன்' என்பது அந்நூலின் பெயர். அதனை ஆக்கியவர் பிரம்மஞான சபையைச் சார்ந்த சார்லஸ் லெட்பீட்டர். அச்சபை 1875-இல் நியூயார்க்கு நகரில் பிளாவட்ஸ்கி அம்மையார், கர்னல் ஆல்காட் முதலியோரால் தொடங்கப்பெற்று, 1879-இல் பம்பாய்க்கு வந்து, 1882-இல் சென்னை அடையாற்றில் இடம் வாங்கி நிலைபெற்றது. லெட்பீட்டர் இங்கிலாந்துத் திருச்சபையிற் குருவாயிருந்து, அதனை விட்டு, 1884-இல் அடையாறு வந்தவர். சபையார் வெளியிட்ட கைநூல் வரிசையுள் இஃது ஐந்தாவது. நூலாசிரியரின் ஒழுக்கம்பற்றிப் பிற்காலத்தே எழுந்த பூசல்கள் பல. அவற்றை யாம் ஈண்டு எடுத்தோம் அல்லேம். நூலின் கருத்தை மறுக்கப் புகுவார் நூலோன்மேற் சேறு வாரி இறைத்தல் வாதநெறி ஆகாது.

பரபக்கம் கூறுங்கால் மாற்றார் கொள்கையை அவர்தாமே உடன்படும் வண்ணம் எடுத்துக் கூறிப் பின் மறுத்தல் அருணந்தி சிவனார் காட்டிய முறை. அம்முறையே பற்றி, அந்நூற் கொள்கையை முதற்கண் நிறுத்துவாம். பருப்பொருளாகிய இவ்வுலகைச் சூழ்ந்தும் ஊடுருவியும் அதனினும் நுண்ணிய சடப்பொருளாலாய உலகங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக உள்ளன. பருவுலகொடு கூட்டி அவை ஏழு. பருவுலகிற்கு அடுத்தது ஆஸ்திரல் உலகம். அதுவும் ஏழு உட்பிரிவுடையது. கீழ்த்தட்டு இருண்டு பிசுபிசுத்த நீர்மத்தினுள் அழுந்தினாற்போல இருக்கும். மேற்றட்டுக்கள் ஒளியும் இன்பமும் உடையன. ஆண்டு வாழ்வார் மூவகையர்: மக்களாய் உள்ளார், மக்கள் அல்லாதார், மக்களின் நினைவால் ஆக்கப்பட்டார். உயிரோடு இருப்பவரும் உறக்கத்தே அங்குச் செல்வர்; விழித்தபின் நினைவு கூரார். இறந்தவர் தம் ஆசைக்கு ஏற்ற தட்டிற் சிலகாலம் தங்கிப் படிப்படியே மேலே செல்வர். பயின்றவர் இதனை நேரே காணலாம். இத்துணையும் பொறுமையோடு, பெரும்பாலும் நல்லெண்ணத்தோடு எழுதப்பட்டிருக்கின்றது. பிற்பதிப்பிற்கு முன்னுரை வரைந்த ஜினராஜதாசர், காட்டிற் புகுந்த தாவர நூலறிஞன் செடிகொடிகளை வகைப்படுத்துமாறுபோல ஆசிரியர் அவ்வுலகை வகைப்படுத்தினார் என்று பாராட்டுகின்றார். அப்பாராட்டு நூலின் இயல்பினைச் சரியாகவே காட்டுகின்றது. இந்நூல் வழிபாட்டு நூலும் அன்று, வீட்டு நூலும் அன்று. அயல்நாட்டிற்குச் சென்றவன் எழுதிய நில நூல் போன்றது. ஆகவே, நில நூலைச் சோதிப்பதுபோலவே இதனையும் சோதிக்கலாம்; அதற்கு ஆசிரியரின் உடன்பாடும் உண்டு என்க.

முதலிற் சொல்லைப் பார்ப்போம். 'ஆஸ்திரல்' என்பது விண்மீன் எனப் பொருள்படும் இலத்தீன் மொழியடியிற் பிறந்தது. ஐரோப்பாவில் 16-ஆம் நூற்றாண்டு மருத்துவராகிய பாரசெல்சசு, மக்கட்கு விண்மீன்களின் தொடர்புடைய ஓர் உடல் உண்டென்றார். 19-ஆம் நூற்றாண்டின் நடுவே பிரெஞ்சு நாட்டு எலிபாசு லேவி 'ஆஸ்திரல் ஒளி' என்று ஒன்றைக் கூறினார். அக்கால்வழியே வந்த சொல்லைத் தமிழிற் கொணர்வோர், சிறிதும் கூசாது, 'சூக்குமம்' என்று பெயர்க்கின்றனர். குழப்பம் யாவும் இங்கே தொடங்குகின்றது. சித்தாந்தத்தே சூக்கும சரீரம் என்பது ஓர் உலகம் அன்று. ஐந்து தன்மாத்திரையும் மனம், புத்தி, அகங்காரமும் ஆகிய எட்டின் கூட்டம். உயிரானது ஒரு பருவுடலை விட்டு மற்றொன்றிற் புகுங்கால் உடன்செல்லும் கருவி. புவனம் என்பது வேறு. அஃது உயிர் வினைப்பயன் நுகர்தற்கு மாயையினின்று தோற்றுவிக்கப்படும் இடம். சூக்குமம் கருவி, புவனம் இடம். கருவியையும் இடத்தையும் ஒன்றாக்கி ஒரு சொல்லால் வழங்குவது, கலப்பையையும் வயலையும் ஒன்றென்பது போலும். இப்பெயர்ப்பினைக் கண்டு, "நம் ஆகமம் கூறியதையே வெள்ளையரும் கண்டனர்" என்று மகிழ்ந்து கைகொட்டிய சைவரும் உளர். அவர்கள் ஒத்திருப்பது சொல்லா பொருளா என்று ஒரு நொடி நின்று எண்ணியிருப்பரேல், கொட்டிய கை அங்கேயே நின்றிருக்கும்.

இன்னும் ஆழமான வேறுபாடு ஒன்றுண்டு. சுத்த மாயையிற் சிவபெருமானும், அசுத்த மாயையில் அனந்தரும், பிரகிருதியிற் சீகண்டரும் நின்று தொழில் நடத்துவர் என்பதும், புவனந்தோறும் புவனபதி உண்டென்பதும் நம் நூற் கொள்கை. இவை புராண அலங்காரம் என்று ஒதுக்கத்தக்கன அல்ல. வினை சடம், சடமாகிய வினை தன்னைச் செய்தவனை நாடிச் சென்று தானே பயன் கொடாது, உயிரும் தன் வினைப்பயனைத் தானே தெரிந்து எடுத்துக்கொள்ளாது, ஆகலின் கூட்டுவிப்பான் ஒருவன் வேண்டும் என்பது சிவஞானபோதத்து உயிர்நாடியான வழக்கு. நுண்ணுலக நூலிலோ, இறந்தவன் தன் உடற்பொருளின் கனத்திற்கு ஏற்ப, நீரிலிட்ட பண்டங்கள் சில மிதந்தும் சில அமிழ்ந்தும் நிற்பதுபோல, தானே அத்தட்டில் நிற்கின்றான். அச்சபையார் வினைக்கணக்கு எழுதும் சில தேவரைக் கூறுவதுண்டு. கூறினும், அவரும் ஒரு பொறியின் உறுப்பாகவே நிற்கின்றனர். உலகிற்கு வேறாய் நின்று அருள்புரியும் கடவுளைத் தாம் கொள்வதில்லை என்றும், இறைவேண்டுதல் தம் நெறியில் இல்லை என்றும் பிளாவட்ஸ்கி அம்மையார் 1889-இல் எழுதிய நூலில் ஒளியாது கூறினார். அந்நேர்மை போற்றற்குரியது. ஆனால் கூட்டுவிப்பான் இல்லாத புவனம், காவலன் இல்லாத சிறைபோலவும் தாயில்லாத வீடுபோலவும் ஆகும். அத்தகைய உலகத்திற்குத் திருநீறு பூசிச் சித்தர் பெயரிட்டு விற்றல் அவ்வம்மையார்க்கும் அடாது, நமக்கும் அடாது.

இனி, கண்டேம் என்பாரின் காட்சியை ஆராய்வாம். ஈண்டுச் சைவர் சிலர் செய்யும் பிழை ஒன்றை முன்னரே விலக்குதல் வேண்டும். "ஊனக்கண்ணாற் காணாததை எவன் காண்பான்? எல்லாம் பொய்" என்று ஒரே வீச்சில் வெட்டுவது உலகாயதர்க்குப் பொருந்தும், நமக்குப் பொருந்தாது. சிவஞான சித்தியார் அளவையியல் காட்சியை வாயிற்காட்சி, மானதக்காட்சி, தன்வேதனைக்காட்சி, யோகக்காட்சி என நான்காக வகுத்து, யோகியானவன் சேய்மையிலும் பிற காலத்தும் உள்ளவற்றை இருந்தவாறே அறிதலை உடன்படுகின்றது. உடன்பட்ட அந்நூலே, ஐயமும் திரிபும் உற்ற காட்சி அளவை ஆகாது என்றும் கூறுகின்றது. யோகக்காட்சி என்று பெயர் சூட்டிவிட்ட அளவானே ஒரு காட்சி அக்குற்றங்களினின்று நீங்கிவிடுமோ? நீங்காது. கயிற்றை அரவெனக் கண்ட கண்ணும் கண்ணே.

லெட்பீட்டரும் இதனை அறிந்தவர். பயிலாதவன் ஆஸ்திரல் உலகிற் காணுங்கால் 139 என்னும் எண்ணை 931 என மாற்றிப் படித்துவிடுதல் கூடும் என்று தம் நூலிலேயே எச்சரிக்கின்றார். மிக நல்ல எச்சரிக்கை. ஆனால் பயின்றவன் சரியாகப் படித்தான் என்பதை எதனால் அறிவது? பயிற்றிய ஆசான் சான்று பகர்வார் என்பர். அவ்வாசானைக் கண்டவர் யார்? பயின்றவரே. 1895-ஆம் ஆண்டில்தான் ஜே. எம். நல்லசாமிப்பிள்ளை அவர்களின் சிவஞானபோத ஆங்கில மொழிபெயர்ப்பும் வெளிவந்தது. பிள்ளையவர்கள் மாவட்ட முன்சீப்பாய் இருந்து வழக்குத் தீர்த்தவர்கள். ஒரு சாட்சி, "யான் சொல்வது மெய் என்பதற்கு யான் கண்ட மற்றொருவரே சான்று, அவரை யானன்றிப் பிறர் காணார்" என்று கூண்டில் நின்று கூறினால், அவர்கள் என்ன தீர்ப்பு எழுதியிருப்பர் என்று எண்ணிப் பார்த்தால் நகை உண்டாகின்றது. அவ்விரு நூல்களுள் எது உலகெங்கும் பரவிற்று என்று எண்ணினால் அந்நகை நின்றுவிடுகின்றது.

எனினும், சோதித்தற்குரிய இடமும் அவ்வாசிரியர் எழுத்தில் உண்டு. 1910, 1911 ஆகிய ஆண்டுகளில் இரு தொகுதியாக வந்த 'இன்னர் லைப்' என்னும் நூலிற் செவ்வாய்க் கோளினைப்பற்றித் தாம் அறிந்ததாக அவர் பலவும் எழுதினார். ஆங்கு மக்கள் வாழ்கின்றனர், கால்வாய்கள் வெட்டியுள்ளனர் என்றார். 1965 சூலையில் மாரினர்-4 என்னும் விண்கலம் செவ்வாயை அணுகிச் சென்று படம் பிடித்து அனுப்பியது. பள்ளங்களையன்றிக் கால்வாய் ஒன்றும் இல்லை. 1976-இல் வைக்கிங் கலங்கள் இரண்டு தரையிறங்கிச் சுற்றிலும் பார்த்தன. கல்லும் செம்மண்ணும் கண்டன, மக்களைக் காணவில்லை. அற்றேல் அக்கால்வாய்கள் அவர் காட்சியுள் எங்ஙனம் புகுந்தன? 1877-இல் இத்தாலிய வானநூலார் ஸ்கியாபரெல்லி செவ்வாயிற் கோடுகளைக் கண்டதாகக் கூறியதும், அமெரிக்கராகிய லோவல் அவற்றை அறிவுடை உயிர்கள் வெட்டிய கால்வாய் என்று 1895 முதல் நூல்களில் எழுதிப் பரப்பியதும், அக்காலத்துப் பத்திரிகை படித்தார் அனைவரும் அறிந்தவை. பத்திரிகையிற் படித்ததையே அவர் நுண்ணுலகிலும் கண்டார்.

லெமூரியாக் கண்டத்தின் கதையும் இத்தகையதே. 1864-இல் ஸ்கிளேட்டர் என்னும் விலங்கு நூலார், மடகாஸ்கரிலும் இந்தியாவிலும் ஒத்த விலங்கின எச்சங்கள் உளவாதற்குக் காரணங்காட்ட, கடலுள் மூழ்கிய ஒரு நிலத்தைக் கருதி அதற்கு அப்பெயரிட்டார். அது கருதலளவை, பிழையாயினும் இழுக்கில்லை. பிளாவட்ஸ்கி அம்மையார் 1888-இல் அந்நிலத்தை மூன்றாம் மூல இனத்தின் உறைவிடம் ஆக்கினார். 1904-இல் ஸ்காட் எலியட் என்பார், லெட்பீட்டரின் நுண்காட்சியைத் துணைக்கொண்டு, அந்நிலத்திற்கு வரைபடமே வெளியிட்டார். பின்னர் நிலப்பாளங்கள் நகர்தல் 1960-களில் அறிவியலாரால் உறுதியாக ஏற்கப்பட்டபோது, மூழ்கிய கண்டம் ஒன்றைக் கருதவேண்டிய தேவையே இல்லாது போயிற்று. கருதியவர் தம் கருத்தை விட்டனர். கண்டேம் என்றவர் எதனை விடுவது? (நம் தமிழன்பர் சிலர் குமரிநாட்டிற்கு இன்றும் அவ்வரைபடத்தைச் சான்று காட்டுகின்றனர். இலக்கியத்தே கடல்கோள் செய்தி தனக்குரிய சான்றோடு நிற்கின்றது. அதற்கு இந்த முட்டுக்கோல் வேண்டா.)

மற்றொன்று. ஓர் ஊர்க்குச் சென்ற இருவர் ஒருவரையொருவர் அறியாது ஒன்றே கூறின் அவ்வூர்ச் செய்தியை நம்பலாம். நுண்ணுலகை ஆராய்ந்த கூட்டங்கள் பல. லண்டனில் 1888-இல் 'பொன் விடியல்' எனப் பொருள்படும் பெயரால் எழுந்த மறைக்குழு ஒன்று. அவ்வாண்டே பிரம்மஞான சபையின் உள்ளே நிறுவப்பட்ட மறைப்பிரிவு ஒன்று. அச்சபையின் செருமானியக் கிளைக்குத் தலைவராயிருந்து 1912, 1913 ஆண்டுகளிற் பிரிந்த ரூடால்ப் ஸ்டைனரின் கூட்டம் ஒன்று. ஸ்டைனரும் 'ஆகாயப் பதிவேடு' படித்தவர், லெட்பீட்டரும் படித்தவர். ஒரே ஏட்டைப் படித்த இருவர், உலகாசிரியர் இனி ஒரு மானிட உடலில் எழுந்தருளுவாரோ எழுந்தருளாரோ என்னும் தலையாய செய்தியிலேயே மாறுபட்டுக் கூட்டம் பிரிந்தனர். 1909-இல் அடையாற்றிற் சிறுவராகிய கிருஷ்ணமூர்த்தியைக் கண்ட லெட்பீட்டர், அவரைச் சூழ்ந்த நுண்ணொளியால் அவர் பெருமை அறிந்தேம் என்றார்; அவருடைய முப்பது முற்பிறப்புக்களையும் ஏட்டிற் படித்து எழுதினார்; அவர்பொருட்டு 1911-இல் 'கீழ்த்திசை விண்மீன்' என்னும் அணி அமைக்கப்பட்டது. அக் கிருஷ்ணமூர்த்தியே, 1929 ஆகஸ்டு 3-ஆம் நாள் ஆலந்து நாட்டு ஓமன் என்னும் இடத்தில், அவ்வணியின் தலைவராய் நின்று அவ்வணியைக் கலைத்துவிட்டார். அவர் கருத்து யாவும் நமக்கு உடன்பாடு என்பது அன்று. குருவையே வேண்டா என்ற அவர் கூற்று, குருவருளே முதல் என்னும் நம் நெறிக்கு நேர்மாறு. ஆயினும், தன்பொருட்டுக் கட்டப்பட்ட அரியணையினின்று தானே இறங்கி வந்த அம்மனவலி அரிது. முப்பது பிறப்புக்களைக் கண்ட நுண்காட்சி, பதினெட்டாண்டு கழித்து நடக்கவிருந்த இவ்வொன்றைக் கண்டிலது.

இவ்வாற்றான் நுண்ணுலகம் இல்லை என்பது பெறப்படாது. இச்சாட்சிகள் நில்லா என்பதே பெறப்படும். இதனை மீறி ஓரடியும் யாம் செல்லேம்.

அற்றேல், அவர்கள் கண்டது யாது என வினவுவார்க்கு, நம் நூல்களில் ஒரு விடை கிடைக்கின்றது. நனவில் 35 கருவிகள் தொழிற்படும், கனவில் 25, உறக்கத்தில் 3, துரியத்தில் 2, அதற்கு அப்பால் 1. கனவில் வெளிப்பொறிகள் அடங்கியும் மனம் முதலியன உழைத்துக்கொண்டே இருத்தலின், நனவிற் கண்டனவும் கேட்டனவும் படித்தனவும் புதுக்கோலம் பூண்டு உருவெளியாய்த் தோன்றும். பயிற்சியால் அந்நிலையில் விழிப்போடு இருக்கவும் கூடும். செவ்வாய்க் கால்வாயும் மூழ்கிய கண்டமும் அந்நிலையிற் புகுந்த வழி இதுவென்று கொள்ளின் பொருந்துகின்றது. அவர்களைப் பொய்யர் என்று வைய வேண்டுவதில்லை. சார்ந்ததன் வண்ணமாதல் உயிரின் இயல்பு. கனவைச் சார்ந்த உயிர் கனவேயாய் நிற்கும். அதனைத் தன்னின் வேறென்று அறியமாட்டாது.

உண்மையாகவே ஒருவன் நுண்பொருளைக் கண்டான் என்று வைத்துக்கொள்வோம். அதனாற் பெறும் பயன் யாது? தசகாரியத்துள் தத்துவரூபம், தத்துவதரிசனம், தத்துவசுத்தி என்பன முதல் மூன்று. தத்துவத்தின் உருவை அறிதலும், அது சடம் என்று காணுதலும், கண்டு அதனின் நீங்குதலும் ஆம். அதன்மேல் ஆன்மாவை நோக்கிய மூன்றும், சிவத்தை நோக்கிய நான்கும் நிற்கின்றன. ஏழு தட்டையும் ஏழேழு நாற்பத்தொன்பது உட்பிரிவையும் கண்டு மீண்டவன் நிற்பது முதற்படியில். அதையும் தத்துவம் என்று அறியாமல், 'இதுவே என் தாயகம்' என்று மகிழ்வானேல், முதற்படியிலும் அவன் இல்லை. 36 தத்துவங்களை நம் ஆசிரியர்கள் எண்ணி வைத்தது, அவற்றுட் குடியேறுதற்கு அன்று. ஒவ்வொன்றையும் 'இது யான் அல்லேன்' என்று கழித்தற்கு. வீட்டை விட்டுப் புறப்படுவோன் பண்டங்களை எண்ணுவதற்கும், வீட்டைத் தனக்கென்று வாங்குவோன் எண்ணுவதற்கும் எண்ணிக்கை ஒன்றே, கருத்து வேறு.

இக்குற்றம் அடையாற்றார்க்கே உரியது என்று சைவர் நெஞ்சு நிமிர்த்தற்கு இடமில்லை. நிவிர்த்தியில் 108, பிரதிட்டையில் 56, வித்தையில் 27, சாந்தியில் 18, சாந்தியதீதையில் 15 என்று புவனக் கணக்கை இரயில் நிலையப் பட்டியல்போல ஒப்பித்துவிட்டு, தீக்கையின்கண் அத்துவாக்கள் தூய்மை செய்யப்படுவது எதற்கு என்று கேட்டால் விழிக்கும் அன்பர்களை யாம் பல மேடைகளிற் கண்டிருக்கின்றோம். மறைமலையடிகள் 1911-இல் வெளியிட்ட 'மரணத்தின்பின் மனிதர் நிலை' என்னும் நூலிலும் மேனாட்டார் ஆராய்ச்சிகள் எடுத்தாளப்பட்டுள்ளன. அடிகள்மாட்டு எமக்குள்ள மதிப்புப் பெரிது. அக்காலத்தில் உயிருண்மையையே மறுக்கும் நாத்திகம் பரவிவந்தமையின், கிடைத்த கோலெல்லாம் எடுத்து அதனை விரட்ட அவர்கள் முனைந்தனர் போலும். எனினும், மேனாட்டு ஆவிக்குறிப்புக்களை முப்பொருளுண்மைக்குத் துணையாக அழைத்தல், தன் வீட்டு நெல்லை அளக்க அயலான் மரக்காலைக் கடன்வாங்குதலை ஒக்கும். மரக்கால் பொய்யென்று பின்னொருகால் தெரியின், நெல்லின்மேலும் ஐயம் விழும்.

பிரம்மஞான சபையார் நம் நாட்டிற்குச் செய்த நன்மைகளை மறத்தலும் ஆகாது. 1886-இல் ஆல்காட் நிறுவிய அடையாறு நூல்நிலையம் ஓலைச்சுவடிகள் பலவற்றை அழியாமற் காத்தது. 1894-இல் தாழ்த்தப்பட்ட மக்களின் பிள்ளைகட்கு அவர் திறந்த பள்ளி, அந்நாளிற் சைவ மடங்கள் எண்ணியும் பாராத பணி. இவை மண்ணுலகிற் செய்யப்பட்டன, ஆகவே நிற்கின்றன.

இனி, முன்னர்க் கூறுதும் என்ற காரணம்.

எம் ஊரில், எம் தெருவிற்கு அடுத்த தெருவில், ஒரு தாய். கணவரை இழந்து, ஆடு மேய்த்தும் கூலிக்குச் சென்றும் ஒரே மகனை வளர்த்தாள். அவன் இருபத்திரண்டு வயதில், தேனிச் சாலையில், வண்டி மோதி இறந்தான். மூன்று திங்கள் கழித்து வெளியூர்க் கூட்டத்தார் ஒருவர் அவளிடம் வந்தார். மகனைத் தாம் நுண்ணுலகிற் காண்பதாகக் கூறினார். அவன் கீழிருந்து இரண்டாம் தட்டில் இருளிற் கிடக்கின்றான் என்றும், தாயின் அழுகையே அவனை மேலெழ வொட்டாமற் பிடித்திழுக்கின்றது என்றும், ஒவ்வொரு பௌர்ணமியிலும் ஒரு கிரியை செய்தால் ஒவ்வொரு தட்டாக ஏற்றிவிடலாம் என்றும் கூறினார். கிரியைக்குப் பணம் வேண்டும். அவள் இரண்டு வெள்ளாட்டை விற்றாள். உற்றார் அழுகை இறந்தாரைத் தடுக்கும் என்னும் அக்கருத்து அவர்தாம் படைத்துக்கொண்டது அன்று. 1895-ஆம் ஆண்டு நூலிலேயே உள்ளது. அதனை எழுதியவர் ஆறுதலாகவே எழுதியிருப்பார். அது கடல் கடந்து, மொழி கடந்து, நூறாண்டிற்கு மேலாகியும் சாகாது, எம் ஊர்த் தாயொருத்தியின் கண்ணீரை அவளுக்கே குற்றமாக்கி விலைபேச வந்து நின்றது.

அவள் எம்பால் வந்தது மூன்றாம் பௌர்ணமிக்குப் பின். திண்ணையோரத்தே நின்று, "ஐயா, நீங்க படிச்சவுங்க. எம் மகன் இப்ப எந்தத் தட்டுல இருக்கான்?" என்று கேட்டாள். நாற்பதாண்டாகச் சித்தாந்தம் பயின்ற எமக்கு நா எழவில்லை. 36 தத்துவமும் 224 புவனமும் அந்நேரத்தில் எதற்குப் பயன்படும்? "தெரியாது, அம்மா" என்றேம். "அவுகளுக்குத் தெரியுதே" என்றாள். அக்கூட்டத்தார் காட்டிய படமும் அவள் கையிருந்தது. ஏழு வண்ணத்தில் ஏழு பட்டை. இரண்டாம் பட்டையில் ஒரு புள்ளி.

அவளை உட்காரச் சொல்லி, மயிலாப்பூர்ச் சிவநேசரின் வரலாற்றைக் கூறினேம். அரவு தீண்டி இறந்த மகள் பூம்பாவையின் எலும்பையும் சாம்பலையும் ஒரு குடத்திலிட்டுக் காத்திருந்தார் அவர். ஆளுடைய பிள்ளையார் வந்தபோது, அப்பெண் எந்த உலகத்தில் எந்நிலையில் இருக்கின்றாள் என்று பிள்ளையாரும் உசாவவில்லை, சேக்கிழாரும் உரைக்கவில்லை. கபாலீச்சரத்துப் பெருமானை நோக்கிப் பாடினார், அவ்வளவே. எலும்பு பெண்ணாகும் என்று அவளுக்கு ஆசை காட்டுதற்கு அன்று இதனைக் கூறியது. உயிரைக் கொடுத்தவனும் எடுத்தவனும் ஒருவன், அவன் கையில் உன் மகன் இருக்கின்றான், இடைத்தரகர் கையில் இல்லை என்பதனை வேறெவ்வாறு கூறுவது என்று எமக்குத் தெரியவில்லை.

அவள் நெடுநேரம் ஒன்றும் பேசாதிருந்தாள். பின், "அந்தச் செட்டியாரு அழுதாரா ஐயா?" என்று கேட்டாள்.

"அழுதார், அம்மா. அழுததை ஒருவரும் குற்றம் சொல்லவில்லை."

அப்பொழுதுதான் அவள் அழுதாள். ஐந்து திங்களாக, மகன் கீழே இழுபடுவான் என்றஞ்சி, வாயிற் சேலைத்தலைப்பை அடைத்து வைத்திருந்தாளாம்.

அக்கூட்டத்தார் அதன்பின்னும் இருமுறை கைப்பேசியில் அழைத்தனர் என்று கேள்வி. அவள் என்ன விடை கூறினாள் என்று யாம் கேட்கவில்லை. ஆடி அமாவாசைக்கு அவள் தம்பியொடு கம்பம் சென்று, சுருளித் தீர்த்தத்தில் மகன் பெயர் சொல்லி எள்ளும் நீரும் இறைத்து வந்தாள். வரும்போது எமக்கும் ஒரு பொட்டலம் திருநீறு கொணர்ந்தாள்.